ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2: பொது ரூம் திறந்து எட்டுப் பேரைச் சேர்த்து ஆட்டத்தை முடிப்பது எப்படி? முழுமையான வழிகாட்டி

ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 என்பது ஊர் கட்டிப் படை நடத்தும் கம்ப்யூட்டர் ஆட்டம். அதில் யார் வேண்டுமானாலும் இணையத்தில் வந்து சேரும் பொது ரூமை முதல் தடவை நான் திறந்தபோது நாற்பது நிமிடம் காத்திருந்தும் ஒருத்தரும் உட்காரவில்லை. வருவார்கள், ஒரு வினாடி நிற்பார்கள், போய்விடுவார்கள். பினாங்கு கெலுகோர் ஃபிளாட்டில் மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்து, தே ஓ (பால் இல்லாத தேநீர்) ஆறிப்போய், நம்ம லைன்தான் சரியில்லை போல என்று நினைத்துக்கொண்டிருந்தேன். பட்டர்வொர்த்திலிருந்து நண்பன் போன் பண்ணி, "டேய், உன் ரூம் ஏதோ மோட் டவுன்லோட் பண்ணச் சொல்லுதுடா" என்றான். முந்தின வாரம் சும்மா விளையாட்டுக்குப் போட்ட ஒரு டேட்டா மோடை (ஆட்டத்தின் விதிகளையே மாற்றும் கூடுதல் கோப்பை) அணைக்காமல் விட்டிருக்கிறேன். உள்ளே வர நினைத்த ஒவ்வொருவருக்கும் அது ஒரு தடுப்புச் சுவர்.

அன்றைக்குப் புரிந்தது இதுதான்: ரூம் திறப்பவனுக்கு ஆட்டத்தில் கெட்டிக்காரத்தனம் வேண்டியதில்லை. ஆட்டம் தொடங்குவதற்கு முந்தைய பத்து நிமிடத்தைக் கட்டி மேய்க்கத் தெரிந்தால் போதும். வந்தவருக்கு இங்கே என்ன ஆட்டம், எப்போது தொடங்கும் என்ற இரண்டிலும் சந்தேகம் வரக் கூடாது. சந்தேகம் வந்தால் பக்கத்து ரூமுக்குப் போய்விடுவார், அவ்வளவுதான்.

நான் சொல்வதெல்லாம் 2019 நவம்பரில் வந்த டெஃபினிடிவ் எடிஷன் என்ற புதுப்பித்த பதிப்புக்கு. 1999-இல் வந்த பழைய சிடி ஆட்டத்தை இன்னும் வைத்திருப்பவர்களுக்கும் நடுவில் கொஞ்சம் சொல்கிறேன்.

முதலில் வீட்டு லைன்

நம் ஊரில் எல்லோரும் கேட்கும் முதல் கேள்வி, "எத்தனை எம்பிபிஎஸ் வேண்டும்?" இந்த ஆட்டத்துக்கு அது கிட்டத்தட்ட ஒன்றுமே வேண்டாம். இதைச் செய்த என்செம்பிள் ஸ்டூடியோஸின் பால் பெட்னரும் மார்க் டெரானோவும் 2001-இல் இதன் உள்வேலையை விளக்கினார்கள். ஆட்டத்தில் நூற்றுக்கணக்கான வில்லாளிகள் நடந்தாலும் அவர்கள் எங்கே நிற்கிறார்கள் என்ற தகவல் லைனில் போவதே இல்லை. "இந்தக் கூட்டம் அங்கே போ" என்ற கட்டளை மட்டும்தான் போகும். எட்டுக் கம்ப்யூட்டரும் அந்தக் கட்டளைகளை ஒரே நேரத்தில், ஒரே வரிசையில் போட்டு, அதே ஆட்டத்தைத் தனித்தனியாக நடத்திக்கொள்ளும். அதனால்தான் 28.8 கிலோபிட் பழைய டயல்-அப் மோடத்திலேயே எட்டுப் பேர் ஆட முடிந்தது.

ஆனால் இதே காரணத்தால் ஒருவர் தடுமாறினால் எட்டுப் பேரும் தடுமாறுவார்கள். தேர் இழுப்பது மாதிரி, வடத்தில் ஒருத்தர் நின்றால் எல்லோரும் நிற்க வேண்டியதுதான். பெட்னரும் டெரானோவும் சொன்னதில் எனக்குப் பிடித்த விஷயம் ஒன்று உண்டு. கட்டளை கொடுத்ததிலிருந்து அது நடப்பதற்கு 250 மில்லிவினாடி ஆனாலும் ஆடுபவர்கள் அதைக் கவனிக்கவே இல்லையாம், 500 வரைக்கும் நன்றாகவே ஆட முடிந்ததாம். ஒரே சீராகத் தாமதமாக இருந்தால் கை அதற்குப் பழகிவிடும், ஏறி இறங்கினால்தான் எரிச்சல். ஆகவே பிங் எண், அதாவது தகவல் போய்த் திரும்ப ஆகும் மில்லிவினாடி, 40-ஆ 90-ஆ என்று அலட்டிக்கொள்ளாதீர்கள். அது குதிக்கிறதா என்று பாருங்கள்.

எப்படிப் பார்ப்பது? விண்டோஸில் கமாண்ட் பிராம்ப்டைத் திறந்து, பிங் கட்டளையை உங்கள் ரவுட்டர் முகவரிக்கு அனுப்புங்கள் (பெரும்பாலும் 192.168.0.1 அல்லது 192.168.1.1). கடைசியில் கழித்தல் குறியும் டி எழுத்தும் சேர்த்தால் நிறுத்தும்வரை ஓடிக்கொண்டே இருக்கும். ஐந்து நிமிடம் ஓட விடுங்கள். வீட்டுக்குள்ளேயே இருக்கும் ரவுட்டருக்கு ஒன்று, இரண்டு மில்லிவினாடிதான் வர வேண்டும். நடுநடுவே 80, 150 என்று குதித்தால் குற்றம் வெளி லைனில் இல்லை, உங்கள் வைஃபையில். ஃபிளாட்டில் மேலே, கீழே, பக்கத்தில் என்று இருபது வைஃபை ஒரே 2.4 கிகாஹெர்ட்ஸில் முட்டிக்கொண்டிருக்கும், அதில் ஒட்டாத சேனல்கள் 1, 6, 11 என்று மூன்றுதான். 5 கிகாஹெர்ட்ஸுக்கு மாறுங்கள். அதைவிட, கம்ப்யூட்டர் கடையில் ஒரு கேட் 5இ கேபிள் வாங்கி ரவுட்டரிலிருந்து நேராகக் குத்திவிடுங்கள். ஹாலில் கேபிள் ஓடினால் அம்மா திட்டுவார்கள்தான், சுவரோரமாக ஒட்டிவிட்டால் ஒரு வாரத்தில் மறந்துவிடுவார்கள்.

இன்னொன்று, வீட்டில் யாராவது பெரிய அப்லோட் போட்டுக்கொண்டிருக்கிறார்களா என்று கேட்டுக்கொள்ளுங்கள். தைப்பூசம் முடிந்த மறுநாள் ராத்திரி என் ஆட்டம் இழுத்துக்கொண்டே இருந்தது. அக்கா தண்ணீர்மலையில் எடுத்த காவடி வீடியோ எல்லாம் அவள் போனிலிருந்து கிளவுடுக்கு ஏறிக்கொண்டிருந்தது. அதை நிறுத்தியதும் சரியாகிவிட்டது.

மழைக் காலத்தில் சாயங்காலம் நீண்ட ஆட்டம் வைக்காதீர்கள். நம் பக்கத்து இடி எப்படி என்று உங்களுக்கே தெரியும், ரவுட்டர் பிளக்கைப் பிடுங்குவதுதான் வீட்டுப் பெரியவர்களின் முதல் வேலை. மூன்று மணி நேரம் ஓடிய மிச்சி (நடுவே காடு அடைத்திருப்பதால் நீளும் மேப்) ஆட்டம் ஒன்றை நான் அப்படி இழந்திருக்கிறேன். இருபது யானையோடு எதிரி வாசலில் நின்றுகொண்டிருந்தேன், சரி விடுங்கள்.

போர்ட் திறக்கணுமா?

போர்ட் என்பது வெளியிலிருந்து உங்கள் கம்ப்யூட்டருக்கு வர ரவுட்டரில் இருக்கும் கதவு. டெஃபினிடிவ் எடிஷனில் அதைத் திறக்க வேண்டாம். எல்லோருடைய கட்டளையும் நடுவில் இருக்கும் சர்வர் வழியாகப் போகிறது, நீங்கள் ரூம் திறந்ததால் உங்கள் ரவுட்டருக்குத் தனி வேலை எதுவும் வராது.

பழைய சிடிக்காரர்களுக்குத்தான் தலைவலி. அது டைரக்ட்பிளே என்ற பழைய விண்டோஸ் பகுதியை நம்பி ஓடுவது. விண்டோஸ் 10, 11 இரண்டிலும் விண்டோஸ் ஃபீச்சர்ஸ் பட்டியலில் லெகசி காம்பொனென்ட்ஸுக்குள் அதை டிக் செய்து இயக்க வேண்டும். ரவுட்டரில் டிசிபி 47624, அப்புறம் 2300 முதல் 2400 வரை டிசிபி, யுடிபி இரண்டும் உங்கள் கம்ப்யூட்டருக்குத் திருப்பிவிட வேண்டும். தி கான்கரர்ஸ் என்ற கூடுதல் தொகுப்பை ஆடினால் எல்லோரும் ஒரே பதிப்பு, அதாவது 1.0சி, வைத்திருக்க வேண்டும். இத்தனையும் செய்தும் யாரும் உள்ளே வர முடியவில்லை என்றால் ரவுட்டர் பக்கத்தில் வான் ஐபி (உங்கள் லைனின் வெளி முகவரி) என்ன காட்டுகிறது என்று பாருங்கள். 100.64 முதல் 100.127 வரைக்குள் தொடங்கினால், ஒரே வெளி முகவரியைப் பல வீட்டுக்கும் பங்கு போட்டுக் கொடுத்திருக்கிறார்கள் என்று அர்த்தம். நீங்கள் எந்தப் போர்ட்டைத் திறந்தாலும் வெளியே தெரியாது. அப்போது பழைய ஆட்டங்களை இணையத்தில் இணைக்கும் கேம்ரேஞ்சர் என்ற செயலியைப் போட்டுக்கொள்ளுங்கள், போர்ட் தொல்லை பெரும்பாலும் போய்விடும். தெரிந்த ஆட்கள் மட்டும் என்றால் ராட்மின் விபிஎன் மாதிரி ஒன்றில் எல்லோரும் ஒரே லேனில் இருப்பதுபோல ஆடலாம்.

ரூம் திறப்பது

முதலில் மோட் பட்டியலைத் திறந்து டேட்டா மோட் எல்லாவற்றையும் அணையுங்கள். சின்ன மரம், கட்டம் போட்ட தரை மாதிரி கண்ணுக்கு மட்டுமான மோட்கள் இருக்கட்டும், அவை மற்றவர்களைத் தொடாது.

அப்புறம் மல்டிபிளேயர், ஹோஸ்ட் கேம். பெயர் கேட்கும். இங்கேதான் பாதிப் பேர் கோட்டை விடுகிறார்கள். பெட்டியில் தானாக வந்து நிற்கும் பெயரை அப்படியே விட்டுவிடுவார்கள், "இன்னாரின் கேம்" என்று. பட்டியலில் ஐம்பது ரூம் இருக்கும்போது அதை யார் தொடுவார்? பெயரில் நான்கு விஷயம் இருக்க வேண்டும்: எத்தனைக்கு எத்தனை, எந்த மேப், ரஷ் (ஆரம்பத்திலேயே பாய்ந்து தாக்குவது) உண்டா இல்லையா, எந்த ரேட்டிங் அளவு ஆட்கள். "4க்கு 4 பிளாக் ஃபாரஸ்ட், ரஷ் உண்டு, 1000 முதல் 1300" என்பது மாதிரி, ஆங்கில எழுத்தில், சுருக்கமாக. வியட்நாம்காரரும் பிலிப்பைன்ஸ்காரரும் ஒரே பார்வையில் படித்துவிடுவார்கள். "புரோ ஒன்லி" என்று மட்டும் போடாதீர்கள். புரோக்கள் வர மாட்டார்கள், தன்னைப் புரோ என்று நினைப்பவர்கள் வருவார்கள், அது இன்னும் மோசம்.

சர்வர் இடத்தில் சவுத் ஈஸ்ட் ஏஷியா. அந்தப் பெயரில் இருக்கும் அசூர் (மைக்ரோசாஃப்டின் சர்வர் சேவை) மையம் சிங்கப்பூரில். பினாங்குக்கும் கோலாலம்பூருக்கும் அது பக்கம். சென்னை, மதுரைப் பக்கத்து நண்பர்கள் வந்தாலும் இதையே வையுங்கள், சென்னைக்கும் சிங்கப்பூருக்கும் நடுவே நேர்க் கடலடி கேபிள் இருக்கிறது. அவர்களோடு நேரம் பேசும்போது மட்டும் கவனம்: நமக்கு ராத்திரி பத்து என்றால் அவர்களுக்கு ஏழரைதான், ஆபீஸிலிருந்து வந்திருக்கவே மாட்டார்கள். சிங்கப்பூர், பிலிப்பைன்ஸ், சீனா எல்லாம் நம் கடிகாரமே. வியட்நாமும் ஜகார்த்தாவும் ஒரு மணி நேரம் பின்னால். நான் ஒன்பதரைக்கு மேல்தான் திறப்பேன், சாப்பாடு முடிந்து நம் பக்கத்து ஊர்களெல்லாம் உட்காரும் நேரம்.

பார்வையாளர்களை அனுமதிப்பதானால் ஸ்பெக்டேட்டர் டிலே ஐந்து நிமிடமாவது வையுங்கள். இல்லாவிட்டால் பார்த்துக்கொண்டிருக்கும் ஒருத்தன் தன் நண்பனுக்கு வாட்ஸ்அப்பில் உளவு சொல்வான்.

செட்டிங்ஸில் எது முக்கியம்

எல்லாவற்றையும் நோண்ட வேண்டாம். நான் கை வைக்கும் இடங்கள் சில மட்டும்.

வேகம் நார்மல், அதாவது 1.7. ராங்க்ட் (ரேட்டிங்குக்காக ஆடும்) ஆட்டத்தில் இருப்பதும் அதுவே, எல்லோர் கையும் அதற்குத்தான் பழகியிருக்கிறது. 2.0 போட்டால் பழைய ஆட்கள் சிலர் சந்தோஷப்படுவார்கள், புதியவர்கள் மூச்சுத் திணறுவார்கள். நடுவில் யாரும் வேகத்தை மாற்றாமலிருக்க லாக் ஸ்பீடையும் போட்டுவிடுங்கள். மக்கள்தொகை 200. 500 வரை போகலாம் என்று பெட்டி ஆசை காட்டும். எட்டுப் பேர், ஆளுக்கு 500 என்றால் 4000 உருப்படி. வடத்துக் கதை ஞாபகம் இருக்கிறதல்லவா, எட்டுப் பேரில் ஒருத்தர் பழைய லேப்டாப்பில் இருப்பார், அவர் கம்ப்யூட்டர் திணறுகிற வேகம்தான் எல்லோருக்கும் வேகம்.

லாக் டீம்ஸ் கட்டாயம். அதைப் போடாத ரூமில் நடுவில் ஒருத்தன் கட்சி மாறினால் நீங்கள் திட்டு வாங்குவீர்கள். டீம் டுகெதரும் போடுங்கள், கூட்டாளிகள் பக்கத்துப் பக்கத்தில் இறங்குவார்கள். வெற்றி நிபந்தனையில் கான்குவெஸ்ட் என்றால் அடித்து முடித்தால்தான் வெற்றி. ஸ்டாண்டர்டில் அதிசயக் கட்டடமோ எல்லாப் புனிதச் சின்னங்களுமோ வைத்துக் காத்திருந்தும் ஜெயிக்கலாம். பொது ரூமில் நான் கான்குவெஸ்ட் பக்கம். தோற்றுக்கொண்டிருப்பவர் மூலையில் ஒரு வொண்டர் கட்டி எட்டுப் பேரின் தூக்கத்தைக் கெடுக்கும் கதை வேண்டாம்.

ரஷ் வேண்டாம் என்று நினைத்தால் பெயரில் "நோ ரஷ்" என்று எழுதிவிட்டு ஆட்களை நம்பாதீர்கள், ட்ரீட்டி என்ற இடத்தில் நிமிடத்தைப் போட்டுவிடுங்கள். அந்த நேரம் முடியும்வரை ஆட்டமே யாரையும் தாக்க விடாது.

நாகரிகத் தேர்வை அவரவருக்கு விடுங்கள். 2022-இல் திராவிடர் வந்த பிறகு நம் பையன்கள் எல்லோரும் அதையே எடுக்கிறார்கள், நானும் கொஞ்ச நாள் எடுத்தேன். ராஜேந்திர சோழன் கதையே அதில் ஒரு கேம்பெயினாக இருக்கிறது, கடாரம் நமக்கு எதிர்க்கரை, விடுவோமா? ஆனால் தரை மேப்பில் அவர்களுக்கு நைட் என்ற கனத்த குதிரைப்படை கிடையாது, பிளாக் ஃபாரஸ்டில் நான்கு திராவிடர் ஒரே டீமில் நின்றால் பாசம் மட்டும்தான் மிஞ்சும்.

அந்தப் பத்து நிமிடம்

போன சனிக்கிழமை நடந்ததை அப்படியே சொல்கிறேன். 9.40-க்குத் திறந்தேன். திறப்பதற்கு முன்னாலேயே இரண்டு நண்பர்களைத் தயாராக இருக்கச் சொல்லியிருந்தேன், இது முக்கியம். ஒருத்தர் மட்டும் இருக்கும் ரூமுக்குள் யாரும் வர மாட்டார்கள், காலியாக இருக்கும் மாமாக் சாப்பாட்டுக் கடையில் யாரும் உட்காராத மாதிரிதான். மூன்று பேர் தெரிந்ததும் நாலாவது, ஐந்தாவது ஆள் ஒரு நிமிடத்துக்குள் வந்துவிட்டார்கள். வந்ததும் நான் தட்டுவது ஒரே வரி: "வணக்கம், 8 பேர் சேர்ந்ததும் தொடக்கம், செட்டிங்ஸ் மாறாது." இதை ஆங்கிலத்தில். கடைசி இரண்டு சொல் பெரிய நிம்மதி கொடுக்கும்.

9.44-க்கு ஆறு பேர். இதுதான் ஆபத்தான கட்டம். ஆறாவது ஆள் அரேபியா மேப்புக்கு மாற்றச் சொன்னார். மாற்றக் கூடாது. ஒரு செட்டிங்கைத் தொட்டால் ரெடி கொடுத்தவர்களின் டிக் எல்லாம் எடுபட்டுவிடும், எழுந்து தண்ணீர் குடிக்கப் போனவர் திரும்பிவந்து பார்க்காமல் உட்கார்ந்திருப்பார். "அடுத்த ஆட்டம் அரேபியா" என்றேன், இருந்தார். யாரோ "14" என்று தட்டினார்கள். ஆட்டத்தைத் தொடங்கித் தொலையுங்கள் என்று கத்தும் டாண்ட் அது, அதாவது எண்ணைத் தட்டினால் எல்லோருக்கும் கேட்கும் குரல். கோபப்படாதீர்கள், அதுதான் லாபியின், அதாவது இந்தக் காத்திருக்கும் ரூமின், தேசிய கீதம். பதிலுக்கு "2 பேர் பாக்கி" என்று எண்ணிக்கை மட்டும் சொல்லிக்கொண்டே இருங்கள்.

எட்டும் நிறைந்ததும் டீம் பிரிப்பது. ரேட்டிங்கைக் கூட்டிப் பாருங்கள். அன்றைக்கு இருந்தவர்கள் 1500, 1300, 1200, 1100, 1000, 950, 900, 850. மொத்தம் 8800. ஒரு பக்கம் 1500, 1100, 950, 850. மறுபக்கம் 1300, 1200, 1000, 900. இரண்டும் 4400. கணக்கை சாட்டிலும் போட்டுவிடுவேன், ஹோஸ்ட் தன் நண்பர்களை எல்லாம் ஒரே பக்கம் வைத்துக்கொண்டார் என்ற முணுமுணுப்பு அத்தோடு நின்றுவிடும். நண்பர்கள் சேர்ந்து ஆடத்தான் வந்தோம் என்றால் அதையும் முதலிலேயே சொல்லிவிடுங்கள். ஆட்டமே ஆடாத புதுக் கணக்கு ஒன்று வந்து, கேட்டால் பதில் சொல்லாமல் இருந்தால் எனக்குச் சந்தேகம்தான், பெரும்பாலும் ஸ்மர்ஃப், அதாவது புதியவர் வேஷத்தில் வரும் கெட்டிக்காரர். ஒரு தடவை கேட்பேன், அப்புறம் கிக்.

ஏழு பேர் ரெடி, ஒருத்தர் மட்டும் அசையவில்லை. பெயரைச் சொல்லி இரண்டு தடவை கூப்பிட்டேன், முப்பது எண்ணினேன், வெளியேற்றினேன். பாவம் பார்த்து ஐந்து நிமிடம் காத்திருந்தால் ஒருத்தருக்காக மூன்று பேரை இழப்பீர்கள். அவர் இடம் இருபது வினாடியில் நிறைந்துவிட்டது. 9.51-க்குத் தொடங்கினோம்.

ஓடும்போது

மொழி தெரியாத கூட்டாளியிடம் எண்ணால் பேசுங்கள்: 3 சாப்பாடு வேண்டும், 4 மரம், 5 தங்கம், 6 கல். 11 என்றால் சிரிப்பு. நண்பர்களோடு வாட்ஸ்அப் காலில் தமிழில் கத்திக்கொண்டே ஆடுவது சுகம்தான், ஆனால் நாலாவது ஆள் வெளியாள் என்றால் அவருக்கும் மேப்பில் சிக்னல் கொடியைக் காட்டி விஷயத்தைச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் அவர் தனியாக ஒரு போர் நடத்திக்கொண்டிருப்பார்.

எஃப்3 அழுத்தினால் ஆட்டம் நிற்கும். காரணத்தை உடனே தட்டுங்கள், "ஒரு நிமிடம், வாசலில் ஆள்" என்று. காரணம் இல்லாத நிறுத்தத்தை மற்றவர்கள் பத்து வினாடியில் எடுத்துவிடுவார்கள்.

ஆட்டம் இழுத்தால் முதலில் யாரால் என்று சண்டை போடாமல், ஒவ்வொருவரும் பின்னால் ஓடும் டவுன்லோடை நிறுத்தச் சொல்லுங்கள். ஒருவருக்கு லைன் அறுந்து போனால், ஆரம்ப ஐந்து நிமிடத்துக்குள் என்றால் எல்லோரும் வெளியே வந்து புதிதாகத் தொடங்குவதுதான் மரியாதை. அவர் எந்தப் பக்கம் என்று பார்க்கக் கூடாது. ஒரு மணி நேரம் ஓடியபின் என்றால் சேமித்த ஆட்டத்தை லாபியில் ரிஸ்டோர் செய்து பார்க்கலாம். அதே ஆட்கள், அதே இடத்தில் உட்கார வேண்டும். ஏழு பேர் முகம் தெரியாதவர்களாக இருக்கும் ரூமில் இது பாதித் தடவைதான் நடக்கும், அதனால்தான் நீண்ட ஆட்டங்களை நான் தெரிந்தவர்கள் அதிகமாக இருக்கும் நாளுக்கு வைத்துக்கொள்வேன்.

முடிந்ததும் ஓடாதீர்கள். ஜிஜி (குட் கேம், நல்ல ஆட்டம்) போட்டுவிட்டு, ஒழுங்காக ஆடிய இரண்டு மூன்று பேருக்கு நண்பர் அழைப்பு அனுப்புங்கள். அடுத்த ரூமை அதே பெயரில் ஒரு நிமிடத்துக்குள் திறந்தால் பட்டியலில் பார்த்ததும் பாதிப் பேர் திரும்பி வருவார்கள். அரேபியா கேட்டவரிடம் சொன்ன சொல்லை மட்டும் மறக்காதீர்கள். அன்றைக்கு நான் மேப்பை மாற்ற மறந்து பிளாக் ஃபாரஸ்டிலேயே திறந்துவிட்டேன், உள்ளே வந்ததும் அவர் தட்டியது வெறும் "14".